எட்டுத் துண்டும் ஒரு கோடும்

சுவீடன் நாட்டு நாவல் ஒன்றை நான் தமிழில் பெயர்த்துக்கொண்டிருந்த மாதங்களில்தான் எங்கள் நிலம் ஒன்று சேர்ந்தது. இரண்டுக்கும் சம்பந்தம் உண்டு என்று சொன்னால் என்னுடன் வேலை பார்க்கும் ஆசிரியர்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். உண்டு.

எங்கள் வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான். திருத்தணியில் ஒரு தனியார் பள்ளியில் ஆங்கிலம் நடத்துகிறேன். சென்னையில் இருக்கும் ஒரு சிறு பதிப்பகத்தார் அந்த நாவலின் ஆங்கிலப் பிரதியைக் கொடுத்து, "ஒரு அத்தியாயம் செய்து காட்டுங்கள்" என்றார்கள். காட்டினேன். முழுவதையும் செய்யச் சொல்லிவிட்டார்கள். பனி என்றால் மார்கழியில் மலைப்படி ஏறும்போது முகத்தில் படுவது மட்டுமே எனக்குத் தெரியும். ஆனாலும் முடியும் என்று ஒப்புக்கொண்டேன். முடிந்தும்விட்டது.

கதை ஏறக்குறைய இருநூறு வருஷத்துக்கு முந்தைய ஒரு கிராமத்தில் நடக்கிறது. வீடுகள் எல்லாம் நெருக்கியடித்து ஒரே இடத்தில் இருக்கும். நிலமோ ஒவ்வொருவருக்கும் இருபது முப்பது இடத்தில் சின்னச் சின்னத் துண்டாகச் சிதறிக் கிடக்கும். அரசாங்கம் ஒரு சர்வேயரை அனுப்புகிறது. அவர் சங்கிலி போட்டு அளந்து, அவரவர் நிலத்தை ஓரிடத்தில் சேர்த்துக் கொடுக்க வேண்டும். நிலம் எங்கே விழுகிறதோ அங்கேயே வீட்டையும் பெயர்த்துக்கொண்டு போக வேண்டும். விவசாயப் பள்ளியில் படித்துவிட்டு வந்த ஓர் இளைஞன், இது வந்தால்தான் ஊர் பிழைக்கும் என்று வீடு வீடாகப் போய்ப் பேசுகிறான். அவன் வரும் இடங்களில் எல்லாம் நான் பச்சை மையால் கோடு போட்டு வைத்திருந்தேன்.

எழுதியதை நைனாவுக்கும் அம்மாவுக்கும் படித்துக் காட்டுவது என் வழக்கம். நைனாவுக்குப் புரியாத வாக்கியம் என்றால் அதில் என் தமிழ் எங்கேயோ தடுக்குகிறது என்று அர்த்தம். ஒரு ஞாயிற்றுக்கிழமை. அம்மா விதைக்கு வேர்க்கடலை உடைத்துக்கொண்டிருந்தாள். நான் நிலத்தைப் பற்றிய பகுதியைப் படித்தேன்.

"அந்த ஊர்லயும் நம்மளது மாதிரி துண்டு துண்டாவா கீது?" என்று நைனா கேட்டார்.

"ஆங். யாருக்கும் நல்ல மண்ணே முழுசா போயிடக் கூடாது, கெட்ட மண்ணே முழுசா வந்துடக் கூடாதுன்னு அப்படிப் பிரிச்சாங்களாம்."

"உங்க தாத்தன் மாதிரிதான். யாருக்கும் மனசு நோவக் கூடாதுன்னு எல்லாருக்கும் இடுப்பு நோவ வெச்சிட்டுப் போயிட்டான்."

அம்மா உடைப்பதை நிறுத்தாமல் சிரித்தாள்.

எங்கள் கொல்லை கே.ஜி.கண்டிகைக்குப் போகிற வழியில் இருக்கிறது. ஒரு முனையில் கிணறு, மறுமுனையில் குன்றும் அதன் அடியில் மண் ரோடும். கிணற்றுப் பக்கம் கெட்டியான கறுப்பு மண், போகப் போகச் செம்மண். தாத்தா அதை எட்டு நீளத் துண்டாக்கி, ஒன்று விட்டு ஒன்று நைனாவுக்கும் பெரியப்பாவுக்கும் கொடுத்தார். எங்கள் துண்டு, பெரியப்பா துண்டு, எங்கள் துண்டு, பெரியப்பா துண்டு என்று ஹார்மோனியக் கட்டை மாதிரி இருக்கும். கிணறு இருவருக்கும் பொது. முறை வைத்துத் தண்ணீர் இறைப்பார்கள். எங்கள் முறையன்று நைனா குழாய்களைத் தோளில் சுமந்து, அண்ணன் பயிரை மிதிக்காமல் வரப்போடு சுற்றிப் போய், ஒவ்வொரு துண்டிலும் போட்டுக் கழற்றிப் போட்டுக் கழற்றி நான்கையும் நனைக்க வேண்டும். முப்பது வருஷமாக இப்படித்தான்.

போன வருஷம் அவருக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. டாக்டர் பாரம் தூக்கக் கூடாது என்றார். நைனா வீட்டுக்கு வந்ததும் முடிவைச் சொல்லிவிட்டார்.

"இந்தக் கடலைய எடுத்ததும் நெலத்தக் குத்தகைக்கு உட்டுடறேன். கனகம்மாசத்திரத்தாண்ட ரோட்டோரமா குடோன் ஒண்ணு வந்துகீதில்ல, அங்க செக்யூரிட்டிக்கு ஆள் கேக்கறாங்க. சேர்ல குந்திகினு கேட்டத் தொறந்து மூடணும். அதுக்கு இடுப்பு வேணாம்."

"நீயா, சேர்லயா?" என்றாள் அம்மா. "கல்யாண வீட்லயே பந்தி போடறதுக்குள்ள பத்து வாட்டி எந்திரிப்ப."

பேச்சு கேலியாக முடிந்திருந்தாலும் எங்கள் மூவருக்கும் விஷயம் தெரியும். கொல்லைக்குப் போகாத நைனா எப்படி இருப்பார் என்று நினைத்துப் பார்க்கவே எனக்குச் சகிக்கவில்லை. சொட்டுநீர் போட்டுவிட்டால் குழாய் சுமக்க வேண்டாம், வால்வைத் திருப்பினால் போதும் என்று எனக்குத் தெரியும். விசாரித்தேன். துண்டு துண்டாக இருந்தால் நடுவில் பெரியப்பாவின் நிலத்தை மூன்று இடத்தில் தோண்ட வேண்டும், அவர் உழும்போதெல்லாம் குழாய் உடையும் என்றார்கள். நிலம் சேர்ந்தால் நைனா விவசாயி. சேராவிட்டால் வாட்ச்மேன். அவ்வளவுதான் கணக்கு.

கையில் இருந்த நாவலே வழியும் காட்டியது. பெரியப்பாவைக் கிணற்றடியில் பார்த்துச் சொன்னேன். கிணற்றுப் பக்கம் நான்கு துண்டு ஒருவருக்கு, மலைப் பக்கம் நான்கு துண்டு இன்னொருவருக்கு. மாற்றி எழுதிக்கொண்டால் இருவருக்கும் நிலம் ஒரே இடத்தில் ஆகிவிடும்.

பெரியப்பா தோள் துண்டால் முகத்தைத் துடைத்தார். "நல்ல யோசனைதான். எனக்கும்தான் வயசாவுது. உங்க நைனாவ வரச் சொல்லு, பேசுவோம்."

முதல் வாக்கியம் மட்டும்தான் என் காதில் விழுந்தது. கடைசி வாக்கியத்தைச் சும்மா மரியாதைக்குச் சொன்னதாக எடுத்துக்கொண்டேன்.

அந்த வாரம் முழுக்க எனக்குத் தரையில் கால் பாவவில்லை. பள்ளி விட்டதும் நேராகக் கொல்லைக்குப் போய், போனில் இருக்கும் அளக்கிற ஆப்பை வைத்துக்கொண்டு வரப்பு வரப்பாக நடந்தேன். ஒரு சார்ட் பேப்பரில் எட்டுத் துண்டையும் வரைந்து, சென்ட் கணக்கு எழுதி, சரிபாதியில் நடுக்கோடு போட்டேன். கிணற்றுப் பக்கத்துக்குப் பச்சை, மலைப் பக்கத்துக்கு மஞ்சள். மூத்தவர் ஆயிற்றே என்று கிணற்றுப் பக்கத்தை அவருக்கு வைத்தேன். என் தாராளம் எனக்கே பிடித்திருந்தது. நைனாவிடம்கூடக் காட்டாமல் அடுத்த ஞாயிறு காலை பெரியப்பா வீட்டுக்குப் போனேன்.

அவர் வாசலில் உட்கார்ந்து களைக்கொட்டுக்குப் பிடி போட்டுக்கொண்டிருந்தார். சார்ட்டை விரித்து நான்கு மூலையிலும் கல் வைத்தேன். வெகு நேரம் பார்த்தார்.

"பச்சை யாரு?"

"நீங்க பெரியப்பா. கெணத்துப் பக்கம் நாலும் உங்களுக்கு. மலப் பக்கம் எங்களுக்கு. சென்ட் கணக்குல ரெண்டும் ஒண்ணு."

"உங்க நைனா பாத்தானா?"

"இன்னும் இல்ல. மொதல்ல உங்ககிட்டக் காட்டலாம்னு."

"கோடு போட்டதும் நீ. இது எனக்கு, இது உனக்குன்னு எடுத்துகினதும் நீ." கல்லை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு சார்ட்டைச் சுருட்டினார். "நான் எதுக்குப்பா? கைநாட்டு வைக்கவா?"

"இல்ல பெரியப்பா, கெணறே உங்க பக்கம்தான வருது..."

"ஆங். குடுக்கற. பெரிய மனசுதான்." சுருளை என் கையில் வைத்தார். "மோர் குடிச்சிட்டுப் போ."

மோர் குடித்துவிட்டுத்தான் வந்தேன். அதில் உப்பு போட்டிருந்ததா என்று கேட்டால் சொல்லத் தெரியாது.

மறுநாளிலிருந்து கிணற்றடியில் பேச்சு நின்றது. முறை மாறும்போது பெரியப்பா, "தம்பி, மோட்டார நிறுத்திட்டேன்டா" என்று குரல் கொடுப்பது வழக்கம். நைனா கொல்லையில் எந்தக் கோடியில் இருந்தாலும் கேட்கும். அது இல்லை. மோட்டார் நின்ற சத்தத்தை வைத்து நைனாவாகத் தெரிந்துகொண்டு எழுந்து போக வேண்டியதாயிற்று. இரண்டு நாள் பார்த்துவிட்டு என்னைப் பிடித்துக் கேட்டார். சார்ட்டைக் காட்டினேன்.

"நீ எதுக்குடா பங்கு வெச்ச?" என்றார். கோபமாகக்கூட இல்லை. பயந்த மாதிரி இருந்தது. "மூத்தவரு வைக்கணும், எளையவன் எடுக்கணும். எங்க பாட்டன் காலத்துலருந்து அதான். எது தனக்கு வரும்னு தெரியாமதான் மூத்தவரு வைப்பாரு. அதனாலதான் சரியா வைப்பாரு."

"நானும் சரியாத்தான் வெச்சேன் நைனா. அளந்து வெச்சேன்."

"வெச்சவனே எடுத்துகினா, நீ தங்கத்துல அளந்தாலும் அவரு எப்படிறா நம்புவாரு?"

அம்மா உள்ளேயிருந்து சொன்னாள். "எள்ளுருண்டைய உங்கக்கா ஒடைப்பா, நீ எடுப்ப. ஞாபகம் கீதா? ஒருநாள் நீயே ஒடைச்சி நீயே எடுத்துகின. தெருவெல்லாம் அழுதுகினு சுத்துனா அவ."

ஞாபகம் இருந்தது. சரிபாதியாகத்தான் உடைத்தேன் என்பதும் ஞாபகம் இருந்தது.

நைனா போய்ப் பேசியிருந்தால் அன்றே முடிந்திருக்கும். அவர் போகவில்லை. "போயி இன்னா சொல்றது? எம்புள்ள தெரியாம வெச்சிட்டான்னா? படிச்ச புள்ளன்னு ஊரெல்லாம் சொல்லிகினு கீறேன்." என்னை விட்டுக்கொடுக்க மாட்டாமல் அவர் நிலத்தை விடத் தயாரானார். மூன்றாம் வாரம் திருத்தணி பஸ் நிலையத்துப் பக்கம் ஒரு ஸ்டுடியோவில் பாஸ்போர்ட் சைஸ் போட்டோ எடுத்துக்கொண்டு வந்தார். குடோன் வேலைக்கு மனுவோடு ஒட்ட வேண்டுமாம். வெள்ளைச் சட்டையில் தலையைப் படிய வாரி, யாரோ அதட்டியதுபோல் விறைத்துக்கொண்டிருந்தார் படத்தில். அதைப் பார்த்துவிட்டு என்னால் அன்று சாப்பிட முடியவில்லை.

நாவலில் அப்போது நான் அறுவடை அத்தியாயத்தில் இருந்தேன். சர்வேயர் வேலையை முடித்துவிட்டுப் போய்விட்டார். எல்லோருக்கும் நிலம் ஒரே இடத்தில் சேர்ந்திருக்கிறது, முன்பைவிட நல்ல விளைச்சல். ஆனால் ஊரில் ஒருவரோடு ஒருவர் பேசுவதில்லை. ஒரு குடியானவர் காலையில் அரிவாளை எடுத்துக்கொண்டு போய், இப்போது வேறொருவருக்குச் சொந்தமாகிவிட்ட தன் பழைய துண்டில் புல் அறுக்கிறார். புதிய சொந்தக்காரர் ஓரத்தில் நின்று பார்த்துக்கொண்டே இருக்கிறார். தடுக்கவில்லை. முதல் வரைவில் அந்தக் குடியானவரை ஒரு மூடராகத்தான் எழுதியிருந்தேன். புது வழி பிடிபடாத மந்தபுத்தி என்று நினைத்தேன். இப்போது திருப்பிப் படித்தபோது அவர் மூடரில்லை என்று தெரிந்தது. யாரும் அவரைக் கேட்டுக் கோடு போடவில்லை. அதைத்தான் அவர் அரிவாளால் சொல்லிக்கொண்டிருந்தார். நான் பச்சைக் கோடு போட்டுக் கொண்டாடிய இளைஞன் சொன்னதில் தவறே இல்லை. ஆனால் சார்ட் பேப்பரில் நான் செய்தது அவன் வேலை இல்லை. அது சர்வேயருடையது.

மறுநாள் பள்ளிக்குப் போகும் வழியில் கே.ஜி.கண்டிகை டீக்கடையில் இறங்கினேன். பெரியப்பா அந்த நேரத்துக்கு அங்கேதான் இருப்பார்.

"வாப்பா சர்வேயரு," என்றார். "டீ சாப்படறியா, அளந்து ஊத்தச் சொல்றேன்."

டீக்கடைக்காரர் வரைக்கும் செய்தி போயிருந்தது. அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தார். நான் டீயை வாங்கிக்கொண்டு பெரியப்பா பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்தேன். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியவில்லை. அவரே ஆரம்பித்தார்.

"இன்னாவோ கத எழுதிகினு கீறியாமே. வீட்டப் பிரிச்சி வண்டியில ஏத்திகினு போறாங்களாம், உங்கம்மா சொல்லிச்சி."

"மரக்கட்ட வீடு பெரியப்பா. கட்டைக்கு கட்ட நம்பர் போட்டு, பனி மேல இழுத்துகினு போயி அங்க மறுபடி அடுக்குவாங்க."

"அங்கயும் பங்காளிச் சண்ட உண்டா?"

"அதான் கதையே."

"பங்கு வெச்சது யாரு?"

"கவர்மென்ட்டு சர்வேயரு."

"எடுத்தது?"

"அதயும் அவரே சொல்லிட்டாரு. இது உனக்கு, இது அவனுக்குன்னு."

"அப்ப அது பங்கு இல்ல. உத்தரவு."

"ஆங்," என்றேன். "நான் போட்டதும் உத்தரவுதான். அத வாபஸ் வாங்கிக்கறேன் பெரியப்பா. கோடு நீங்க போடுங்க. நைனா எடுக்கட்டும். நைனா இதச் சொல்லச் சொல்லல. நானாத்தான் வந்தேன்."

அவர் டம்ளரின் அடியில் இருந்த சர்க்கரையைக் கலக்கிக் குடித்து முடித்தார்.

"உன் கோட்டுல ஒண்ணும் தப்பில்லடா. என் பங்க கெணத்தாண்டயே போட்டிருந்த. அதான் எரிச்சலே. எந்தம்பி புள்ள எனக்குன்னு ஒதுக்கிக் குடுத்து நான் வாங்கிக்கணுமா?" எழுந்து வேட்டியை மடித்துக் கட்டினார். "வர்ற கிருத்திகையன்னிக்கு காலையில வாங்க. அந்தப் போன எடுத்துகினு வா. அளவு உன்னுது. கோடு என்னுது."

கிருத்திகை அன்று அரை நாள் லீவு போட்டேன். நாங்கள் மூவரும் போனபோது பெரியப்பா முன்னமே வந்து, ஒரு பழைய பெயின்ட் டப்பாவில் சுண்ணாம்புத் தூளோடு நின்றிருந்தார். நைனாவும் அவரும் பேசிக்கொள்ளவில்லை. நைனா டப்பாவைக் கையில் வாங்கிக்கொண்டு அவர் பின்னாலேயே நடந்தார். அதுவே பேச்சுதான்.

கிணற்றிலிருந்து நடந்து நான்காவது துண்டின் கடைசி வரப்புக்கு வந்தோம். "சரிபாதி இதுதான் பெரியப்பா," என்றேன் போனைப் பார்த்து. அவர் நின்றார். மலைப் பக்கம் பார்த்தார். கிணற்றுப் பக்கம் பார்த்தார். குனிந்து மண்ணை எடுத்துப் பிசைந்தார். பிறகு வந்த வழியே கிணற்றை நோக்கிப் பன்னிரண்டு எட்டு திரும்பி நடந்தார்.

"பாதி அங்கதான் பெரியப்பா."

"பாதி எனக்கும் தெரியும். அந்தப் பக்கம் செம்மண்ணு, ஊத்தற தண்ணி நிக்காது. கெணறும் தூரம். அது என் தலையில உழுந்துச்சின்னா?" அந்த இடத்தில் குறுக்கே சுண்ணாம்பைக் கொட்டிக்கொண்டு போனார். கோடு நேராக வரவில்லை. அவர் கவலைப்படவும் இல்லை. முடித்துவிட்டு நிமிர்ந்தார். "கெணறு பொது. கெழக்கு வரப்போரமா ஒரு மொழம் பைப்பு போறதுக்குப் பொது. ரெண்டும் வெச்சாச்சி. தம்பி, எடுறா."

நான் போட்ட கோட்டைவிட மலைப் பக்கம் பன்னிரண்டு எட்டு கூடுதல். அதை நானாகக் கேட்டிருந்தால் பேராசை என்றிருப்பார்கள். எனக்கும் கேட்கத் தோன்றியிருக்காது, நான் சென்ட்டை மட்டும்தான் கூட்டினேன். எந்தப் பக்கம் தனக்கு விழும் என்று தெரியாத ஒருவரால்தான் செம்மண்ணின் குறையை இவ்வளவு கச்சிதமாக எடை போட முடியும்.

நைனா கோட்டின் மேல் நின்றுகொண்டு இரண்டு பக்கமும் மாறி மாறிப் பார்த்தார். நேரம் போய்க்கொண்டிருந்தது. அம்மா ஒருமுறை இருமினாள்.

"இருமலாம்மா, தீர்ப்பா?" என்றார் பெரியப்பா.

"தூசி பாவா," என்றாள் அம்மா. கணவரின் அண்ணனை எங்கள் பக்கம் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

"மலப் பக்கம்ணா," என்றார் நைனா.

பெரியப்பா தலையாட்டினார். முகத்தில் சந்தோஷமா ஏமாற்றமா என்று நான் கூர்ந்து பார்த்தேன். இரண்டும் இல்லை. எது வந்திருந்தாலும் அவருக்குச் சரியாகத்தான் இருந்திருக்கும். அப்படித்தான் வைத்திருந்தார்.

திரும்பி வரும்போது, ஏன் மலைப் பக்கம் என்று அம்மாவைக் கேட்டேன். ரோடு அந்தப் பக்கம்தானே, சாமந்தி போட்டால் ஆடிக் கிருத்திகைக்குப் பூக்கூடையைத் தலையில் சுமக்காமல் வரப்பிலிருந்தே ஆட்டோவில் ஏற்றலாம், செம்மண்ணுக்குச் சாமந்தி நன்றாக வரும் என்றாள். எப்போது முடிவு செய்தாய் என்றேன். "உன் சார்ட்டப் பாத்தப்பவே," என்றாள். ஆக நான் மஞ்சள் தீட்டிய பக்கமேதான் எங்களுக்கு வந்தது. இந்த முறை அது எங்கள் பங்கு.

அன்று மாலை மோட்டார் நின்றதும், "தம்பி, நிறுத்திட்டேன்டா" என்ற குரல் கேட்டது. நைனா குழாயைத் தேடிக்கொண்டு எழுந்தார். நான் அவரை உட்காரச் சொல்லிவிட்டுத் தூக்கினேன்.

நாவலை முடித்துக் கொடுத்துவிட்டேன். அந்தப் புல் அறுக்கும் குடியானவரின் பக்கத்தை மட்டும் முழுக்க அழித்துத் திரும்ப எழுதினேன். பதிப்பகத்தார் படித்துவிட்டு, புத்தகத்திலேயே நல்ல பக்கம் அதுதான் என்றார்கள். நானும் அப்படித்தான் நினைக்கிறேன்.

பரிவர்த்தனைப் பத்திரம் பதியப் பத்திர எழுத்தரிடம் போனோம். அண்ணன் தம்பி இருவரின் போட்டோவும் வேண்டும் என்றார் அவர். பெரியப்பா, ஸ்டுடியோ எங்கே இருக்கிறது என்று என்னைக் கேட்டார். நைனா ஆதார் கார்டு வைத்திருந்த பிளாஸ்டிக் உறையிலிருந்து ஒரு சின்னக் காகிதக் கவரை எடுத்தார். குடோன் வேலைக்கு எடுத்த அதே போட்டோ. எழுத்தர் இரண்டை வாங்கிப் பத்திரத்தில் பசை தடவி ஒட்டினார். விறைத்துக்கொண்டு பார்க்கும் அந்த முகத்தின் பக்கத்தில், மலைப் பக்க நிலத்தின் நான்கு எல்லையும் எழுதியிருந்தது.

மீதி ஆறு போட்டோ கவரில் இருந்தது. இனி எதுக்கு, தூக்கிப் போட்டுடலாமா என்று கேட்டேன்.

"குடுறா இங்க," என்றார் நைனா, கவரை மடித்து உறைக்குள் வைத்துக்கொண்டே. "சொட்டுநீருக்கு மனு போட்டா போட்டோ கேப்பான்."